லீசிங் உழவு இயந்திரம் பிடிபட்டால் மனுச் செய்ய வேண்டியவர் யார்?

படுவான்கரையான்: அனுமதியில்லாத மணலுடன் பிடிபட்ட உழவு இயந்திரம் லீசிங்கில் இருந்தாலும், மாதாந்தம் பணம் கட்டுகிறவர் ஒரு சட்டத்தரணியைப் பிடித்து நகர்த்தல் பத்திரம் (நீதிமன்றத்துக்குக் கொடுக்கும் விண்ணப்பம்) போட்டால் அடுத்த தவணையிலேயே வீட்டுக்குக் கொண்டுவரலாம் என்று நேற்று ஒருவர் இங்கே எழுதியிருக்கிறார். இலங்கையின் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 433அ பிரிவைப் படித்திருந்தால் அவருக்குக் கை கூசியிருக்கும். லீசிங்கில் உள்ள வாகனத்துக்கு, மோட்டார் வாகனப் பதிவில் முழு உரிமையாளராக இருப்பவரே உடைமைக்கு உரித்துடையவராகக் கருதப்படுவார். அது லீசிங் கம்பனி; பணம் கட்டுகிறவர் அல்ல.

கல்முனைவாசி: எழுதியவன் நான்தான், பெயரைச் சொல்லியே திட்டலாம். என் மைத்துனரின் இயந்திரத்தை நீதவான் பிணைமுறியில் (கேட்கும்போது கொண்டுவருவேன் என்ற எழுத்துறுதியில்) விடுவித்தபோது கம்பனியிலிருந்து ஒருவரும் நீதிமன்றத்துக்கு வரவில்லை. சட்டக்கோவையைத் தலையணையாக வைத்துப் படுப்பவர்கள் இதற்கு என்ன சொல்கிறார்கள்?

படுவான்கரையான்: ஆள் வரவில்லை, சரி. வாகனத்தை அவரிடம் விடுவிக்கச் சம்மதம் என்று கம்பனியின் கடிதம் வந்ததா?

கல்முனைவாசி: கடிதம் எனக்கு ஞாபகமில்லை. வாகனம் வந்தது.

ஆற்றங்கரைத் தம்பி: அண்ணன்மார் இருவரும் கடிதத்திலேயே நிற்கிறீர்கள். வழக்கு நடக்கும்போது விடுவிப்பதையும் தண்டனைக்குப் பின் பறிமுதல் செய்வதையும் ஒருவரும் பிரித்துப் பேசவில்லையே. மனவாடு வழக்கில் 1987ஆம் ஆண்டு உயர் நீதிமன்றம், குற்றத்தில் பங்கில்லாத உரிமையாளரைச் செவிமடுக்காமல் லொறியைப் பறிமுதல் செய்யலாகாது என்று சொன்னது.

படுவான்கரையான்: தம்பி, அது வனங்களைப் பற்றிய சட்டம், மரம் ஏற்றிய லொறி. இங்கே கேள்வி கடிதம். நிலுவை வைத்திருப்பவருக்குக் கம்பனி அந்தக் கடிதத்தை இலேசில் கொடுக்காது; தானே மனுச் செய்து வாகனத்தை எடுத்துக்கொண்டும் போகலாம். அதற்குள் மாரி தொடங்கினால் பொலிஸ் நிலைய வளவில் நிற்கும் இயந்திரம் துருப்பிடிக்கும், பற்றரியும் இருக்காது. இதையெல்லாம் சொல்லாமல் "மனுப் போட்டால் போதும்" என்று ஏழை விவசாயியை அனுப்புகிறவரைத்தான் கேட்கிறேன். சுங்கத்தார் கைப்பற்றிய பொருளுக்கும் நீதவானிடம் போகச் சொன்னவர் இவர்தானே? சுங்கக் கட்டளைச் சட்டத்தின் 154ஆம் பிரிவின்படி ஒரு மாதத்துக்குள் பணிப்பாளர் நாயகத்துக்கு எழுத்தில் அறிவித்து, பிணையும் வைக்க வேண்டும். அந்த ஆலோசனையை நம்பி மாதத்தைத் தவறவிட்டவர் எத்தனை பேரோ!

கல்முனைவாசி: பழைய கணக்கை இங்கே கிளற வேண்டாம். படுவான்கரையில் எந்தத் துறைமுகம் இருக்கிறதென்று உங்களுக்குச் சுங்கம்? நான் இருபது வருடம் நீதிமன்ற வாசலில் தட்டச்சு இயந்திரத்துடன் இருந்தவன். எத்தனை மனுக்கள் என் விரல் வழியாகப் போயிருக்கும் என்று உங்களுக்குத் தெரியுமா?

படுவான்கரையான்: அத்தனை மனுக்களையும் தட்டியவருக்கு, சொந்த மைத்துனரின் மனுவோடு இணைத்த கடிதம் மட்டும் ஞாபகமில்லை!

ஆற்றங்கரைத் தம்பி: அதே சட்டக்கோவையின் 431ஆம் பிரிவில் நீதவானுக்குத் தற்றுணிபு, அதாவது தானே தீர்மானிக்கும் அதிகாரம், இருக்கிறது என்பதையாவது...

படுவான்கரையான்: தற்றுணிபு, உரித்துடையவர் யார் என்று தெரிந்த பிறகு. அதைக் காட்டுவது கடிதம்.

கல்முனைவாசி: மைத்துனர் இப்போது கட்டாரில் இருக்கிறார். அவர் வரட்டும், கேட்டுச் சொல்கிறேன். எப்படியிருந்தாலும் வாகனம் வந்தது.

படுவான்கரையான்: கட்டாரிலும் தொலைபேசி இருக்கிறது. கடிதம் வந்ததா?