ஆட்டு டாக்டரும் எல்லை ரேடியோவும்: எங்கள் குடும்பக் குழுவில்

பிரபு: மாமா, நேற்று நீங்கள் அனுப்பிய மூட்டுவலி வீடியோ டாக்டருக்கு அமெரிக்காவில் ஒரு தாத்தா இருந்திருக்கிறார். இப்போது அவர் கதையைத்தான் படித்துக்கொண்டிருக்கிறேன்.

சேகர் மாமா: சொல்லு. வீடியோவை அழிக்க மட்டும் சொல்லாதே.

பிரபு: ஜான் பிரிங்க்லி. கான்சஸில் மில்ஃபோர்டு என்ற சின்ன ஊர். காசுக்குப் பட்டம் கொடுக்கும் கல்லூரியில் வாங்கிய டாக்டர் பட்டம். ஆண்மைக் குறைவு என்று வருபவர்களுக்கு ஆட்டுக்கிடாயின் விதையை வைத்துத் தைத்துவிடுவார். கட்டணம் 750 டாலர்.

கோமதி அத்தை: கர்மம். பாட்டியும் இந்தக் குழுவில் இருக்கிறார்கள்.

அனு: ஆடு பிழைத்ததா அண்ணா?

பிரபு: ஆடும் போனது, சில நோயாளிகளும் போனார்கள். ஆனால் எனக்கு ஆட்டைவிட ரேடியோதான் பெரிதாகப் பட்டது. 1923இல் சொந்த நிலையம் தொடங்கினார். பாட்டு, பிரசங்கம், நடுவில் ‘மருத்துவக் கேள்விப் பெட்டி’. நேயர் கடிதத்தை வாசிப்பார். ஆளைப் பார்க்காமலே ‘இன்ன நம்பர் மருந்து வாங்குங்கள்’ என்பார். அது அவரோடு ஒப்பந்தம் போட்ட கடைகளில்தான் கிடைக்கும். விற்பனையில் அவருக்குப் பங்கு.

அனு: எங்கள் மெடிக்கலுக்கும் வருகிறார்கள், ‘யூடியூபில் சொன்ன பச்சை மூடி டப்பா’ என்று. உள்ளே என்ன மருந்து என்றே தெரியாமல், பிபி மாத்திரையோடு சேருமா என்று நான் எப்படிச் சொல்வது? கேட்டால் கோபம் வேறு.

சேகர் மாமா: அரசாங்கம் சும்மா இருந்ததா?

பிரபு: 1930இல் மருத்துவ உரிமமும் போனது, ரேடியோ உரிமமும் போனது. அதே வருடம் ஆளுநர் தேர்தலில் நின்றார்.

கோமதி அத்தை: ஆளுநருக்குத் தேர்தலா?

பிரபு: அங்கே அவர்தான் நம் முதலமைச்சர் மாதிரி அத்தை. வாக்குச்சீட்டில் இவர் பெயரே கிடையாது, மக்கள் கையால் எழுதிப் போட வேண்டும். அப்படியும் 1,83,000க்கு மேல் ஓட்டு! மூன்றாவது இடம்.

பிரபு: அப்புறம்தான் வேடிக்கை. டெக்சாஸில் டெல் ரியோ, ஆற்றுக்கு அந்தப் பக்கம் மெக்சிகோவின் வில்லா அகுன்யா. 1931இல் அங்கே ரேடியோ கோபுரம் எழுப்பினார். அமெரிக்க நிலையங்களுக்கு ஒலிபரப்பு சக்தி பொதுவாக 50 கிலோவாட்தான் உச்சம். இவருடையது போகப்போக 500.

அனு: உரிமம் மெக்சிகோவுடையது, காது அமெரிக்காவுடையது. செம மூளை.

பிரபு: குரலும் அமெரிக்காவிலிருந்துதான், ஃபோன் லைனில் போனது. அனுமதி இல்லாமல் அப்படி அனுப்பக் கூடாது என்று 1934 சட்டத்தில் ஒரு பிரிவே சேர்த்தார்கள். இவர் பேச்சை இசைத்தட்டில் பதிந்து ஆற்றைத் தாண்டி அனுப்பிவிட்டார். கார்ட்டர் குடும்பம் என்ற பாடகர் குழுவின் நாட்டுப்புறப் பாட்டு நாடு முழுக்கப் பரவியதில் இந்த நிலையத்துக்கும் பங்கு உண்டு.

கோமதி அத்தை: பாட்டு நன்றாக இருந்தால் நடுவில் வரும் மருந்தும் நல்லதாகத்தான் தெரியும்.

சேகர் மாமா: கடைசியில் மாட்டினாரா?

பிரபு: தானே போய் மாட்டினார். போலி என்று எழுதிய மாரிஸ் ஃபிஷ்பைன் என்ற மருத்துவ இதழ் ஆசிரியர்மேல் அவதூறு வழக்குப் போட்டு, 1939இல் தோற்றார். உடனே நோயாளிகள் வரிசையாக வழக்கு. 1941இல் திவால். மறு வருடம் இறந்தார்.

சேகர் மாமா: என் ஆள் ஆட்டையெல்லாம் தொடவில்லை. வெறும் தைலம்.

அனு: லேபிளைப் படம் எடுத்து அனுப்புங்கள் மாமா.

சேகர் மாமா: ‘கிட் நம்பர் 3’ என்று மட்டும்தான் போட்டிருக்கிறது.

கோமதி அத்தை: தடவுவதா குடிப்பதா என்றுகூடப் போடவில்லை. காலையில் ஒரு மூடி குடித்துவிட்டார்.

அனு: அத்தை, ஃபோனை எடுங்கள். கூப்பிடுகிறேன்.