கலைச்சொல் உதவி: 'நான்-ரிஃபூல்மோன்', வெள்ளிக்குள்ள வேணும்

அனைவருக்கும் வணக்கம்.

ஞாயித்துக்கிழமை சிங்கப்பூர் நூலகத்துல அனைத்துலக அரசியல் அறிமுக உரை, முழுக்கத் தமிழ்ல. கையேட்டை நான்தான் தமிழாக்குறேன், வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போகணும். இறையாண்மை, அரசதந்திரம், அதிகாரச் சமநிலை இதெல்லாம் தடையில்லாம வந்துருச்சு, அகதிகள் பகுதியில மாட்டிக்கிட்டேன். 1951 அகதிகள் ஒப்பந்தம் 33ஆவது பிரிவு, நான்-ரிஃபூல்மோன். இனம், மதம், குடியுரிமை, சமூகக் குழு, அரசியல் கருத்து இதுல ஏதாவது ஒண்ணால ஒருத்தரோட உயிருக்கோ சுதந்திரத்துக்கோ ஒரு நாட்டுல ஆபத்து இருக்குன்னா, அந்த நாட்டு எல்லைக்கு அவரை எந்த வகையிலும் அனுப்பக்கூடாதுங்கிற விதி. இங்கிலீஷ் வாசகத்துலயே பிரெஞ்சுச் சொல்லை அடைப்புக்குள்ள அப்படியே வச்சிருக்காங்க. இப்போதைக்கு 'திருப்பி அனுப்பாமை'ன்னு போட்டிருக்கேன். சரியா வருமா?

— உட்லண்ட்ஸ்

---

அம்மா,

முதல்ல அந்த 'அகதி'யை எடுங்க. அ + கதி, கதியில்லாதவன், வடசொல். 'ஏதிலி' இருக்கு, ஏதும் இல்லாதவர், ஈழத்துல எழுதி எழுதிப் பழகின சொல்.

'ஆமை' ஈறு நல்ல தேர்வு. கொல்லாமை, கள்ளாமை, வெஃகாமை, புறங்கூறாமைன்னு வள்ளுவர் அதிகாரத்துக்கே பேர் வச்ச முறை, ஒரு செயலைச் செய்யாம இருக்கிறதையே அறமா நிறுத்துறது. ஆனா 'திருப்பு' பொருந்தல. திரி, திருகு, திரும்பு, திரிகை, விளக்குத்திரி எல்லாத்துக்கும் அடியில முறுக்கல், சுழலல்ங்கிற பொருள்தான் ஓடுது, கடல் திரையையும் இதோட சேர்த்துப் பார்க்கலாம், சுருண்டு வர்றதால திரை. சுழல்றதுல வன்முறை இல்ல. பிரெஞ்சுச் சொல்லுல நெட்டித் தள்றது இருக்கு. அதனால 'பின்தள்ளாமை'.

— தோபாயோ

---

ஐயா, மன்னிக்கணும், 'தள்ளாமை'ன்னு கேட்டா எங்க ஊர்ல வயசான காலத்து இயலாமைதான் ஞாபகம் வரும். முன்னாடி 'பின்' போட்டாலும் அது போகாது. ஏதிலி பத்தியும் ஒண்ணு, குறள்ல 'ஏதிலார்'னா அயலார், பிறத்தியார். அடைக்கலம் தேடி வந்தவரை அயலான்னு கூப்பிடுற சொல் நமக்கு எதுக்கு?

அக்கா, 'திருப்பி அனுப்பாமை'யில இன்னொரு சிக்கல் இருக்கு. ஞாயித்துக்கிழமை அந்தக் கூட்டத்துக்கு கட்டுமானத் தளத்துலேர்ந்தும் ஷிப்யார்டுலேர்ந்தும் நம்ம ஆளுங்க வருவாங்க. தொழிலாளர் தங்குற டார்மிட்டரியில 'திருப்பி அனுப்பிட்டாங்க'ன்னா பெர்மிட் கேன்சல் ஆகி டிக்கெட் போட்டு ஊருக்கு ஏத்திட்டாங்கன்னுதான் அர்த்தம், வேற அர்த்தமே கிடையாது. 'திருப்பி அனுப்பாமைக் கோட்பாடு, உலகச் சட்டம்'னு கையேட்டுல பார்த்தா நம்மளையும் அனுப்ப முடியாது போலன்னு ஒருத்தர் நினைச்சுக்கிட்டா? கடன் வாங்கி ஏஜெண்டுக்குக் கட்டிட்டு வந்தவங்க, அவங்களுக்குப் பொய் நம்பிக்கை குடுத்துறக் கூடாது. ஊர்ல உயிருக்கு ஆபத்துங்கிறதுதான் இந்த விதிக்கே அடிப்படை, அது சொல்லுக்குள்ளயே இருக்கணும்.

— ஜூரோங்

---

ஜூரோங் தம்பி சொல்றது ரொம்பச் சரி. அப்போ 'அடைக்கலம்' எடுத்துக்கலாமே? சிலம்புல கவுந்தியடிகள் கண்ணகியை மாதரிகிட்ட ஒப்படைக்கிற இடம் அடைக்கலக் காதை, கம்பன்ல வீடணன் அடைக்கலப் படலம். எங்க பிள்ளைங்க வகுப்புல கேட்ட சொல். 'அடைக்கலக் காப்பு'ன்னா ஒரே மூச்சுல புரியும்.

— பொங்கோல்

---

பொங்கோல் அக்கா, அழகா இருக்கு, ஆனா அது வேற சரக்கு. நான் சட்டம் படிச்சவ, இதுல மட்டும் விட்டுக்குடுக்க மாட்டேன். 33ஆவது பிரிவு யாருக்கும் அடைக்கலம் தர்றேன்னு சொல்லல. வச்சுக்கோன்னு சொல்லாது, சாவுக்கு அனுப்பாதேன்னு மட்டும்தான் சொல்லும், பாதுகாப்பான வேற நாட்டுக்கு அனுப்பினா மீறல் ஆகாது. செம்பவாங் ஹாக்கின்ஸ் ரோடு முகாமை மூத்தவங்க பார்த்திருப்பீங்க, 1978லேர்ந்து 1996 வரைக்கும் வியட்நாம் படகுக்காரங்க அங்க இருந்தாங்க. வேற ஒரு நாடு ஏத்துக்கும்ங்கிற அடிப்படையிலதான் சிங்கப்பூர் அவங்களை இறங்க விட்டுச்சு. இங்க நிரந்தரமா வச்சுக்கல. சிங்கப்பூரோ மலேசியாவோ இந்தியாவோ இலங்கையோ 1951 ஒப்பந்தத்துல சேரவும் இல்ல. அடைக்கலம் வேற, இது வேறன்னு கேக்க வர்றவங்களுக்குப் பிரிச்சுக் காட்டத்தானே அந்தப் பகுதி.

'அனுப்பு'ங்கிறதும் எனக்கு ஒப்பல. அனுப்பணும்னா ஆள் ஏற்கெனவே உள்ள இருக்கணும். கரையில கால் வைக்காதவங்க கதி என்ன? 1993ல அமெரிக்க உச்ச நீதிமன்றத்துல ஹைட்டி அகதிகள் வழக்கு, கடலோரக் காவல்படை நடுக்கடல்லயே படகை மறிச்சு ஹைட்டிக்குக் கொண்டுபோய் விட்டுச்சு. 33ஆவது பிரிவுல இருக்கிற இங்கிலீஷ் 'ரிட்டர்ன்', அடைப்புக்குள்ள இருக்கிற பிரெஞ்சு 'ரிஃபூலே' ரெண்டு சொல்லுக்கும் அகராதி புரட்டி, இந்தப் பிரிவு நாட்டு எல்லைக்கு வெளியில கடல்ல செல்லாதுன்னு எட்டு நீதிபதிகள் தீர்ப்பு எழுதினாங்க, ஒருத்தர்தான் மறுத்தார். 2012ல ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றம் அதுக்கு நேர்மாறா, நடுக்கடல்ல பிடிச்சவங்களை லிபியாவுக்குக் கொண்டுபோய் விட்டது தப்புன்னு இத்தாலிக்கு எதிரா தீர்ப்பு சொல்லுச்சு. 2015 மே மாசம் அந்தமான் கடல்ல ரோஹிங்கியா படகுகளை ஒரு நாட்டுக் கடற்படை மாத்தி இன்னொண்ணு தள்ளிவிட்டதை நம்ம டிவியிலேயே பார்த்தோம், தண்ணியில்லாம சனங்க செத்தாங்க. அவங்களை யாரும் 'திருப்பி அனுப்பல', தள்ளிவிட்டாங்க. அதுக்கும் பொருந்துற சொல்தான் வேணும். என் பரிந்துரை 'விரட்டாமை'.

— கிளமென்டி

---

அம்மா, விரட்டுறது கோழியையும் நாயையும். கையேட்டுல ஏறாது.

ஆனா நீங்க சொன்னது மனசுல தைக்குது. புறநானூறு 46 ஞாபகம் வருது, சோழன் கிள்ளிவளவன் தன் பகைவன் மலையமானோட பிள்ளைங்களை யானைக் காலுக்குப் போடச் சொன்னப்ப புலவர் கோவூர் கிழார் குறுக்க நின்னு பாடினது. புறாவோட துயரைத் தீர்த்தவன் வழியில வந்தவன் நீ, இவங்க யானையைப் பார்த்து அழுகையையே மறந்த குழந்தைங்கன்னு சொல்றார். அரசாட்சி குடு, நிலம் குடுன்னு எதுவும் கேக்கல, இவங்களை அந்தக் காலடிக்குத் தள்ளாதேன்னு மட்டும்தான் கேக்குறார். நீங்க சொன்ன வேறுபாடு அப்படியே அதுல இருக்கு. 'இடர்த்தள்ளாமை'ன்னு வச்சா என்ன?

— தோபாயோ

---

ஐயா, இடரைத் தள்ளாம வச்சுக்கிறதுன்னுல்ல படிக்கத் தோணுது.

— ஜூரோங்

---

நண்பர்களே, வியாழன் ராத்திரி ஆயிருச்சு. அச்சகத்துலேர்ந்து ரெண்டு தடவை கூப்பிட்டுட்டாங்க. தனி மடல்ல எழுதினவங்களையும் சேர்த்து எண்ணினா 'ஆபத்துக்குத் திருப்பி அனுப்பாமை'ங்கிற பக்கம்தான் கூடுதல் பேர் இருக்காங்க. நீளம்தான், ஆனா தம்பி கேட்ட ஆபத்து உள்ள வந்துருச்சு, வேலை அனுமதி ரத்தாகி அனுப்புறதுக்கு இது பொருந்தாதுன்னு கீழ தனி வரியும் சேர்த்துட்டேன். 'அகதி' அப்படியே இருக்கும், மன்னிச்சுக்கோங்க ஐயா.

— உட்லண்ட்ஸ்

---

'ஆபத்து' வடசொல். 'இடருக்கு'ன்னு போட்டிருக்கலாம். என் எதிர்ப்பைக் குறிச்சு வச்சுக்கோங்க.

— தோபாயோ

---

எனக்கும் முழுத் திருப்தி இல்ல அக்கா. அடுத்த பதிப்பு வரும்போது இதைத் திரும்பக் கிளப்புவேன். இப்போதைக்கு விளக்கத்துல 'எல்லையிலும் கடலிலும் மறித்துத் தள்ளிவிடுவதும் இதில் அடங்கும் என்பது பல சட்ட அறிஞர்களின் நிலை. நடுக்கடலைப் பொறுத்தவரை அமெரிக்க உச்ச நீதிமன்றம் இதை ஏற்கவில்லை'ன்னு ஒரு வரி போட்டுருங்க. சொல்லை மாத்த நேரம் இல்லன்னாலும் இதுக்கு இடம் இருக்கும், ஏழாம் பக்கத்துல அடியில காலியாத்தான் இருக்கு.

— கிளமென்டி