கோல்டு ரஷ்ஷுக்குத் தமிழ்ச் சொல் (வெள்ளிக்கிழமைக்குள்)

கூடலூர் டீச்சர்:

அனைவருக்கும் வணக்கம். எங்கள் பள்ளியில் வட்டார வரலாற்றுக் கண்காட்சி வைக்கிறோம். எட்டாம் வகுப்புப் பிள்ளைகள் நம் நீலகிரியின் தேவாலா, பந்தலூர் தங்கக் கதையை எடுத்திருக்கிறார்கள். மொத்தம் ஆறு பலகை, ஐந்துக்கு வாசகம் தயார். முதல் பலகையின் தலைப்பில்தான் மாட்டிக்கொண்டேன். 'கோல்டு ரஷ்' (தங்கம் இருக்கிறது என்று கேட்டு எல்லோரும் ஓடிவருவது) என்பதற்கு ஒரு சொல் வேண்டும். கலிபோர்னியாவையும் (1849) நம் ஊரையும் (1879 முதல்) பிள்ளைகள் ஒப்பிட்டிருப்பதால் இரண்டுக்கும் பொருந்த வேண்டும். அப்படி அதிர்ஷ்டம் தேடி வந்தவர்களைக் குறிக்கவும் ஒன்று.

'ரஷ்' என்றால் என்னவென்று வகுப்பில் கேட்டேன். "காலையில கூடலூர் பஸ்ஸு, மிஸ்" என்றான் ஒருவன். பெயின்டர் வெள்ளிக்கிழமை வருகிறார். எழுத்துக் கணக்கில் கூலி. நீளமான சொல்லாகக் கொடுத்துவிடாதீர்கள்.

கோவை மொழிபெயர்ப்பாளர்:

தங்க வேட்டை. எல்லோருக்கும் புரியும், நாளிதழ்களிலும் புழங்குகிறது. வந்தவர்கள் 'பொன்தேடிகள்'. வழிகாட்டி, நாள்காட்டி மாதிரி. வேலை முடிந்தது.

கோத்தகிரி தமிழாசிரியர் (ஓய்வு):

முடியவில்லை, தம்பி. நாளிதழில் 'தங்க வேட்டை' எங்கே வருகிறது என்று பாருங்கள். ஒன்று, ஓட்டப் பந்தயத்தில் நம் வீராங்கனை பதக்கம் வாங்கும்போது. இன்னொன்று, விமான நிலையத்தில் சுங்கத்துறை யாருடைய இடுப்பையாவது தடவும்போது. மூன்றாவதாக நீங்கள் ஒரு பொருளை ஏற்றுகிறீர்கள்.

அடுத்தது 'பொன்தேடி'. நிலைமொழி ஈற்றில் னகரம், வருமொழி முதலில் வல்லினம், புணர்ச்சி வேற்றுமைப் புணர்ச்சி. னகரம் றகரமாகத் திரிய வேண்டும். பொற்றாமரை, பொற்றொடி போலப் பொற்றேடி. அப்படி எழுதினாலும் 'தேடி' என்பது வினையெச்சமாக மயங்கும். "பொற்றேடி வந்தான்" என்றால் வந்தவனா, வந்த காரணமா?

சொல்லைப் புதிதாகச் செய்வானேன்? வீட்டை விட்டுப் பொருள் தேடிக் காடும் மலையும் கடந்து போனவனைப் பற்றி நம்மிடம் ஒரு திணையே இருக்கிறது. நிகழ்வு 'பொருள்வயிற் பிரிவு'. போனவர்கள் 'பொருள்வயிற் பிரிந்தோர்'. கலிபோர்னியாவுக்குப் போனவனும் பாலையைக் கடந்துதானே போனான்!

கோவை மொழிபெயர்ப்பாளர்:

ஐயா, மண்வெட்டியை 'மட்வெட்டி' என்று யாரும் எழுதவில்லையே? 'பொற்றேடி' என்று பலகையில் எழுதினால் எட்டாம் வகுப்புப் பையன் "யாருடி அது?" என்றுதான் கேட்பான். 'பொருள்வயிற் பிரிந்தோர்' என்று எழுதினால் பெயின்டருக்குக் கூலி கொடுத்தே டீச்சர் பொருள்வயிற் பிரிய வேண்டியிருக்கும்.

கோத்தகிரி தமிழாசிரியர் (ஓய்வு):

மண்வெட்டியில் வருமொழி முதல் வகரம். வகரம் இடையினம். வல்லினம் வந்தால்தான் திரியும். இதை ஆறாம் வகுப்பில் நடத்தியிருப்பார்கள்.

பந்தலூரிலிருந்து:

புணர்ச்சி விதி எனக்கு மறந்துபோய்விட்டது, மன்னிக்கவும். தேயிலைத் தோட்டத்து லைன் வீட்டில் வளர்ந்தவன் நான். எங்கள் ஜன்னல் விளிம்பில் அப்பா ஒரு கல் வைத்திருந்தார். கைப்பிடி அளவு வெங்கச்சாங்கல் (குவார்ட்ஸ்), நடுவே துருப்பிடித்த ஆணியைத் தேய்த்த மாதிரி பழுப்புக் கோடு. மழை விட்ட பிறகு மேட்டில் ஒரு பழைய சுரங்க வாய்க்குப் பக்கத்தில் பொறுக்கியது. விருந்தாளி வந்தால் அதை வெயிலில் திருப்பித் திருப்பிக் காட்டுவார். நான் பார்த்தவரை அது ஒருநாளும் மின்னவில்லை.

எங்கள் பக்கத்தில் தங்கம் எடுப்பதற்கு ஒரே வினைச்சொல்தான்: அரிக்கிறது. வெள்ளைக்காரன் வருவதற்கு முன்பே குறும்பர்களும் பணியர்களும் ஓடை மண்ணை மரத்தட்டில் அரித்துப் பொன்தூள் எடுத்திருக்கிறார்கள். கோவையில் பொற்கொல்லர் தெருச் சாக்கடை மண்ணை அள்ளி அலசுகிறவர்கள் செய்வதும் அதுதான். அதனால் என் ஓட்டு 'பொன்னரிப்பு'. தொழிலும் அதில் இருக்கிறது, உடம்பில் ஊறும் அந்த ஆசையும் இருக்கிறது. கை அரித்தால் காசு வரும் என்று நம்பாதவர் யார்?

கூடலூர் டீச்சர்:

சொல் எனக்குப் பிடித்திருக்கிறது அண்ணா. ஆனால் தலைப்பில் 'அரிப்பு' என்று கொட்டை எழுத்தில் எழுதிவிட்டு எட்டாம் வகுப்பை அடக்க என்னால் ஆகாது.

குன்னூர் புவியியல் மாணவர்:

சிரிப்பு ஒருபுறம் இருக்கட்டும். விஷயமே இடிக்கிறது. 1848 ஜனவரியில் கலிபோர்னியாவில் மார்ஷல் என்பவர் மரமறுக்கும் ஆலையின் வாய்க்காலில் பார்த்தது மணலோடு கிடந்த தங்கம். ஒரு தட்டும் மண்வெட்டியும் இருந்தால் போதும், யாரும் அரிக்கலாம். அதனால்தான் சில வருடங்களில் மூன்று லட்சம் பேர் போனார்கள். தேவாலாவில் ஓடை மணலில் கிடைத்தது கொஞ்சம்தான். மிச்சம் வெங்கச்சாங்கல் பாறைக்குள் பொடியாகச் சிக்கிக் கிடந்தது. பாறையை வெட்டி, இயந்திர உலக்கையில் இடித்து, பாதரசத்தில் பிடித்து, அதைக் காய்ச்சிப் பிரிக்க வேண்டும். தனி ஆள் செய்கிற வேலையா? கம்பெனி வேண்டும்.

அதனால் இங்கே ஓடிவந்தது ஆள் இல்லை, பணம். ஆஸ்திரேலியாவின் விக்டோரியாவில் சுரங்கத்துறைச் செயலாளராக இருந்த ப்ரோ ஸ்மைத்தை 1879-ல் அரசு அழைத்து வந்தது. அவர் அறிக்கை நம்பிக்கை தருவதாக இருந்தது. உடனே லண்டனில் முப்பதுக்கும் மேற்பட்ட கம்பெனிகள், பல லட்சம் பவுன் பங்கு மூலதனம். போட்டவர்களில் பெரும்பாலோர் கூடலூர் எந்தத் திசை என்றுகூட அறியாதவர்கள். நோய் விழுந்து காபி போன தோட்டங்களை, மதிப்புக்கு மேல் விலை வைத்துத் துரைமார் இந்தக் கம்பெனிகளின் தலையில் கட்டினார்கள். இடித்துப் பார்த்தால் ஒரு டன் பாறைக்குச் சில கிராம்தான். நாலைந்து வருடத்தில் கதை முடிந்தது. கோலாரும் ஏறக்குறைய அதே காலத்தில் தொடங்கியதுதான். அது 2001 வரை ஓடியது.

வேட்டை, அரிப்பு, பிரிவு எல்லாமே ஆள் செய்கிற காரியங்கள். பணம் ஓடுவதற்குச் சொல் எங்கே?

கோவை மொழிபெயர்ப்பாளர்:

அப்படியென்றால் பவுன் போட்டுப் பவுன் எடுக்கப் பார்த்திருக்கிறார்கள்! அங்கே அது ரூபாய் நோட்டு மாதிரி, இங்கே நகைக்கடையில் எட்டு கிராம். இது ஒன்றே போதும் எனக்கு.

கோத்தகிரி தமிழாசிரியர் (ஓய்வு):

அதையும் 'தங்கம்' என்று எழுதாதீர்கள். பொன் என்பதே நம் சொல். இருந்தாலும் தங்கம் என்பது 'தங்கு' அடியாகப் பிறந்தது, துருப்பிடிக்காமல் தங்குவதால் என்பது என் நெடுநாள் கருத்து. யவனர் மரக்கலம் பொன்னோடு வந்து மிளகோடு திரும்பியதாக அகநானூறு சொல்கிறது. அன்று பொன்னைக் கொண்டுவந்து கொடுத்தவர்கள், பின்னாளில் வந்தவர்கள் எடுத்துப் போக... (இதைத் தனி மடலாக எழுதுகிறேன்.)

பந்தலூரிலிருந்து:

தங்குவதால் தங்கம் என்றால் எங்கள் ஊரில் அது தங்கவில்லையே ஐயா.

குன்னூர்த் தம்பி சொன்னது சரி, அரிப்பை விட்டுவிடுகிறேன். இன்னொன்று தோன்றுகிறது: 'பொன்மொய்'. ஆள் கூடினாலும் மொய்ப்பதுதான், பணம் போட்டாலும் மொய்தான். கலிபோர்னியாவில் ஆள் மொய்த்தார்கள், இங்கே லண்டன்காரன் மொய் எழுதினான். நாலே எழுத்து, பெயின்டருக்கும் நஷ்டம். என்ன, கல்யாண மொய் ஒருநாள் திரும்பி வரும்.

அப்புறம், வந்தவர்களுக்குச் சொல் தேடும்போது எங்கள் ஆட்களையும் கொஞ்சம் நினையுங்கள். தேயிலைத் தூரைத் தோண்டினால் தேங்காயும் மாசிக் கருவாடும் கிடைக்கும் என்று சொல்லித்தான் எங்கள் முன்னோரைச் சிலோனுக்கு ஏற்றினார்கள். 1964-ல் இந்தியாவும் இலங்கையும் போட்ட ஒப்பந்தத்துக்குப் பிறகு திரும்பி வந்து, இதே தங்கக் காட்டில் தேயிலை நட்டோம். பொருள்வயிற் பிரிந்தோர் என்ற சொல்லில் நாங்கள் உண்டா?

கோத்தகிரி தமிழாசிரியர் (ஓய்வு):

உண்டு, ஐயா. அதனால்தான் அந்தச் சொல்லைச் சொன்னேன்.

கூடலூர் டீச்சர்:

எண்ணிப் பார்த்தேன். தங்க வேட்டைக்கு ஐந்து ஓட்டு (இரண்டு பேர் "எதுவானாலும் சரி" என்றார்கள், அவர்களையும் இதில் சேர்த்துவிட்டேன்), பொன்மொய்க்கு மூன்று, பொருள்வயிற் பிரிவுக்கு ஒன்று. தலைமையாசிரியருக்கு 'பொன்மொய்' என்று சொன்னேன். "யார் வீட்டு விசேஷம்?" என்றார். பெயின்டர் வந்து 'தங்க வேட்டை' என்று எழுதிவிட்டார், இன்னும் காயவில்லை. வந்தவர்களுக்குத் தனிச் சொல் வைக்கவில்லை, 'பொருள் தேடி வந்தவர்கள்' என்று விட்டுவிட்டேன். உள்ளே மூன்றாம் பலகையில் லண்டன் கம்பெனிகளைப் பற்றிய வரியில் மட்டும் பென்சிலால் 'மொய்' என்று எழுதி வைத்திருக்கிறேன். பந்தலூர் அண்ணா அந்தக் கல்லைக் கண்காட்சிக்குத் தருவாரா?

பந்தலூரிலிருந்து:

தருகிறேன். மேஜை ஜன்னலோரமாக இருக்கட்டும்.

கோத்தகிரி தமிழாசிரியர் (ஓய்வு):

என் ஒரு ஓட்டைத் திரும்பப் பெறவில்லை என்பதைக் குறித்துக்கொள்ளவும். யவனர் மடல் நாளை.