குடும்பக் குழு: மணி சித்தப்பா கம்பெனி விஷயம்

செல்வி சித்தி: (படம்) இவர் கம்பெனியைக் கலைக்கத் தீர்ப்பாயம் உத்தரவு போட்டுவிட்டது. இன்றைய செய்தித்தாளில் அறிவிப்பு. 14 மாதச் சம்பளம் பாக்கி. என்ன செய்வது?

கீதா அத்தை: ஐயோ

கார்த்திக்: படம் மங்கல் சித்தி. கடைசித் தேதி தெரிகிற மாதிரி எடுங்கள்.

பெரியப்பா: எல்லோரும் பொறுமையாகப் படிக்கவும். 2016 திவால் சட்டம், 53ஆவது பிரிவு. சொத்தை விற்ற பணத்தில் முதலில் நடைமுறைச் செலவு. அடுத்து, கலைப்பு தொடங்கிய நாளுக்கு முந்தைய 24 மாதத் தொழிலாளர் பாக்கியும், அடமானச் சொத்தைத் தனியாக விற்காமல் பொதுவில் விட்டுக்கொடுத்த வங்கிகளின் கடனும் சம வரிசை. பணம் போதாவிட்டால் இரண்டு பக்கமும் ஒரே விகிதத்தில் வெட்டு. தொழிலாளி அல்லாத ஊழியர் அதற்கு அடுத்த வரிசை, அதுவும் 12 மாதம்தான். அரசு வரி இன்னும் கீழே.

வித்யா: சித்தப்பாவும் பேங்க்கும் ஒரே வரிசையிலா!

கீதா அத்தை: அண்ணன் பேங்க்கில் இருந்த காலத்தில் மணியின் வீட்டுக் கடன் மனு எந்த வரிசையில் நின்றதோ

பெரியப்பா: கீதா, அப்போது விதி அப்படி.

மணி சித்தப்பா: விடு அக்கா.

கார்த்திக்: சித்தப்பா, நியமனக் கடிதத்தில் என்ன பதவி?

மணி சித்தப்பா: சூப்பர்வைசர். கடைசி வரை நின்றது எந்திரத்தின் முன்னால்தான்.

பெரியப்பா: தொழிலாளியா இல்லையா என்பதில் பதவிப் பெயரை விடச் செய்த வேலைதான் பேசும். அதை எழுத்தில் கொடு.

செல்வி சித்தி: பி.எஃப். என்ன ஆகும் மாமா?

பெரியப்பா: பி.எஃப்., பென்ஷன், கிராஜுவிட்டி நிதிகளிலிருந்து வர வேண்டியது 36ஆவது பிரிவுப்படி கலைப்புச் சொத்திலேயே சேராது. வங்கி கை வைக்க முடியாது.

மணி சித்தப்பா: கிராஜுவிட்டிக்கு நிதியே வைக்கவில்லையாம்.

பெரியப்பா: அங்கேதான் வழக்கே வருகிறது. எதற்கும் கலைப்பாளரிடம் (கம்பெனிச் சொத்தை விற்றுப் பணத்தைப் பிரித்துக் கொடுப்பவர்) கொடுக்கும் பாக்கிக் கோரிக்கையில் தனி வரியாக எழுது.

மோகன் மாமா: நடுவில் பேசுவதற்கு மன்னிக்கவும். என் ஏணி யாரிடம் இருக்கிறது?

வித்யா: கார்த்திக் வீட்டு மாடியில் பார்த்தேன்.

கார்த்திக்: அது உங்களுடையதா மாமா??

செல்வி சித்தி: ஏணியைப் பிறகு பேசலாமா

மணி சித்தப்பா: சங்கத்தில் எல்லோருக்கும் சேர்த்துக் கோரிக்கை, படிவம் எஃப் போடுகிறார்கள். நான் தனியாக எதற்கு?

செல்வி சித்தி: போன தடவையும் சங்கம் பார்த்துக்கொள்ளும் என்றுதான் உட்கார்ந்திருந்தீர்கள்.

கார்த்திக்: சங்கப் பட்டியலில் உங்கள் பெயரும் தொகையும் சரியா என்று பாருங்கள். இல்லையென்றால் தனியாகப் படிவம் ஈ. கோரிக்கை வராவிட்டாலும் கம்பெனிக் கணக்கைப் பார்த்துக் கலைப்பாளர் ஏற்கலாம்.

மணி சித்தப்பா: அந்தக் கணக்கில் சம்பளம் கொடுத்ததாக அல்லவா இருக்கிறது! மாதாமாதம் பே ஸ்லிப் அச்சடித்துக் கொடுத்தார்கள். பாஸ்புக்கில் அந்த மாதங்களில் மின் கட்டணம் கழிந்தது மட்டும்தான்.

கார்த்திக்: இதைத்தான் முதலில் சொல்லியிருக்க வேண்டும். பே ஸ்லிப்பையும் அந்தப் பாஸ்புக் பக்கங்களையும் சேர்த்தே அனுப்புங்கள்.

கீதா அத்தை: அடப்பாவிகளா

பெரியப்பா: இன்னொன்று. கோரிக்கை கொடுக்க 30 நாள் கெடு கலைப்பு தொடங்கிய தேதியிலிருந்து. விளம்பரம் வந்த நாளிலிருந்து எண்ணாதே. ஞாயிறு காகிதங்களோடு இங்கே வா.

மணி சித்தப்பா: நீங்களும் ஒரு தடவை எங்கள் வீட்டுக்கு வரலாமே அண்ணா.

பெரியப்பா: எனக்கு மூட்டு வலி தெரியும் அல்லவா.

கீதா அத்தை: மோகனோடு காரில் வாருங்கள் அண்ணா

மோகன் மாமா: ஞாயிறு எனக்கு வேலை இருக்கிறது

மணி சித்தப்பா: சங்கத் தலைவரைக் கேட்டுவிட்டுச் சொல்கிறேன்.

செல்வி சித்தி: கார்த்திக், படிவம் ஈ எனக்குத் தனியாக அனுப்பு.