கட்டில் படத்துக்கு 480 கோடியா?

பெரியப்பா: ஒரு பெண் கட்டிலில் தூங்குகிறாள், கட்டிலின் மேல்கூரையில் எலும்புக்கூடு படுத்திருக்கிறது. இந்தப் படம் ஏலத்தில் 5.47 கோடி டாலருக்குப் போனதாம். நம் பணத்தில் ஏறத்தாழ 480 கோடி! யாழினி, இது என்ன கூத்தும்மா?

யாழினி: மெக்சிகோ ஓவியர் ஃப்ரீடா காலோ 1940இல் வரைந்தது பெரியப்பா. 2025 நவம்பரில் நியூயார்க்கில் நடந்த ஏலம். அதுவரை எந்தப் பெண் ஓவியரின் படமும் ஏலத்தில் இந்த விலைக்குப் போனதில்லை.

மீனா அத்தை: தலை நிறையப் பூ, கூட்டுப் புருவம், அவர்தானே? இப்போது துணிப்பை, டீ கப் எல்லாவற்றிலும் அந்த முகம்தான்.

பெரியப்பா: அது சரி, தலைக்கு மேல் எலும்புக்கூடு இருந்தால் தூக்கம் வருமா?

யாழினி: நிஜமாகவே தன் கட்டிலுக்கு மேல் காகிதக்கூழ் எலும்புக்கூடு ஒன்றை வைத்திருந்தார் பெரியப்பா. படத்தில் அதன் காலில் வெடி சுற்றியிருக்கும், பாருங்கள். ஈஸ்டருக்கு முந்தின நாள், இயேசுவைக் காட்டிக்கொடுத்த யூதாஸின் பொம்மையில் வெடி கட்டிக் கொளுத்துவது அங்கே வழக்கம்.

மீனா அத்தை: ஏன் கட்டிலைப் போய் வரைய வேண்டும்?

யாழினி: ஆறு வயதில் போலியோ. 1925இல், 18 வயதில், அவர் வந்த பஸ் மீது டிராம் மோதி, கைப்பிடிக் கம்பி இடுப்பில் பாய்ந்துவிட்டது. முதுகெலும்பு, இடுப்பெலும்பு, வலது கால் எல்லாம் முறிவு. டாக்டருக்குப் படிக்க ஆசைப்பட்டவர். படுத்தபடியே வரைய அவர் அம்மா படத்தைத் தாங்கும் சட்டம் ஒன்றைத் தனியாகச் செய்ய வைத்தார். மேலே ஒரு கண்ணாடி. அதில் தெரிந்த முகத்தைத்தான் வரைந்தார்.

கார்த்தி: அப்போதே செல்ஃபி 😄

யாழினி: டேய், 1944இல் வரைந்த 'உடைந்த தூண்' படத்தைப் பார். உடம்பைப் பிளந்து, முதுகெலும்பு இருக்கும் இடத்தில் நொறுங்கிய தூண், மேலெல்லாம் ஆணி. அப்படி ஒரு செல்ஃபி போடுவாயா?

கார்த்தி: பார்த்தேன். சாரி அக்கா.

பெரியப்பா: வீட்டுக்காரரும் ஓவியர்தானே?

யாழினி: டியேகோ ரிவேரா, 20 வயது மூத்தவர். 1929இல் கல்யாணம், 1939இல் விவாகரத்து, 1940இல் மறுபடி அவரையே கல்யாணம்.

மீனா அத்தை: அவரையேவா!

யாழினி: நடுவில் ஃப்ரீடாவின் சொந்தத் தங்கையோடும் அவருக்கு உறவு இருந்தது, அத்தை.

மீனா அத்தை: அடப்பாவி மனுஷா!

யாழினி: ஆனால் அன்றைக்குப் பேர் பெற்றவர் டியேகோதான். 1933இல் அமெரிக்காவின் டெட்ராய்ட் நகரப் பத்திரிகை ஒன்று, சுவரோவிய மேதையின் மனைவி ஏதோ குஷிக்கு வரைகிறார் என்கிற தோரணையில் தலைப்புப் போட்டது. மெக்சிகோவில் ஃப்ரீடாவின் முதல் தனிக் கண்காட்சியே 1953இல்தான். எழுந்திருக்க முடியவில்லை. கட்டிலை முன்னால் அனுப்பிவிட்டு ஆம்புலன்ஸில் போய், அங்கே படுத்துக்கொண்டே எல்லோரையும் வரவேற்றார். அடுத்த வருஷம், 47 வயதில், போய்விட்டார்.

கார்த்தி: அப்படியானால் விலை எப்படி இவ்வளவு ஏறியது?

யாழினி: பெயர் ஒரு பக்கம். இன்னொரு பக்கம், சந்தையில் சரக்கே இல்லை. 1984இல் மெக்சிகோ அவர் படைப்புகளைத் தேசியச் சொத்து மாதிரி அறிவித்துவிட்டது. நாட்டுக்குள் இருப்பதை வெளியே விற்க முடியாது. முன்பே வெளிநாடு போனவைதான் ஏலத்துக்கு வரும். இந்தப் படமே 1980இல் வெறும் 51,000 டாலர்.

பெரியப்பா: நான் அப்போது பேங்கில் எஃப்டி போட்டேன்.

கார்த்தி: 🤣🤣

மீனா அத்தை: அந்த மேதை படம் என்ன விலை போகிறதாம்?

யாழினி: 2018இல் ஒன்று 97 லட்சம் டாலருக்குப் போனது.

மீனா அத்தை: குஷிக்கு வரைந்தவருக்கு 5 கோடி 👏

யாழினி: டியேகோவையும் குறைக்க வேண்டாம் அத்தை. அவருடைய பெரிய வேலையெல்லாம் சுவரில். சுவரைப் பெயர்த்து ஏலம் விட முடியாதே.