கேம் ரிலீஸுக்கு முன்னால் சோதனைக்கு விடுகிற பீட்டாவில், பூட்டி வைத்த மோடுக்குள் (ஆட்ட வகைக்குள்) நுழையப் பார்த்த அனுபவம் உண்டா? நம்ம குமரி மாவட்டத்துக்காரர்கள் சொல்லுங்கள்

வெட்டூர்ணிமடம்_64:

நானே தொடங்குகிறேன். பேட்டில்ஃபீல்ட் 3 என்ற போர் கேமின் ஓபன் பீட்டா, 2011 செப்டம்பர் 29 முதல் அக்டோபர் 10 வரை. அப்போது ஆடியவர்களுக்கு விளக்கம் வேண்டாம். எல்லோருக்கும் கிடைத்தது மெட்ரோ மேப்பில் ரஷ் மோட் மட்டும்தான், பூங்காவில் ஆரம்பித்து சுரங்கத்துக்குள் போய் முட்டி மோதிச் சாவது. காஸ்பியன் பார்டர் மேப்பின் கான்குவெஸ்ட் மோட், அதாவது 64 பேர், டாங்கி, ஹெலிகாப்டர், ஜெட் எல்லாம் உள்ளது, பிசி சர்வர் லிஸ்டில் கண்ணுக்குத் தெரியும், தொட்டால் பாஸ்வேர்ட் கேட்கும்.

என் வீட்டு நெட் அளந்து ஊற்றுகிற பிளான். தக்கலையில் என் கூட்டுக்காரன் வீட்டில் ராத்திரி 2 மணியிலிருந்து காலை 8 மணி வரை அளவே கிடையாது. ஆனால் அவன் சிஸ்டத்தில் பழைய விண்டோஸ் எக்ஸ்பி. இந்த கேமுக்குப் படம் காட்டுகிற டைரக்ட்எக்ஸ் மென்பொருளில் 10 வேண்டும், எக்ஸ்பியோ 9-ஐத் தாண்டாது. அதனால் பேச்சு என்னவென்றால் அவன் டவுன்லோட் செய்வது, என் வீட்டில் ஓட்டுவது, ஆளுக்கு ஒரு ரவுண்டு. இரண்டு ராத்திரி அலாரம் வைத்து எழுந்து இறக்கினான், "இந்த நேரத்துல என்னல லைட்டு"ன்னு அவன் அம்மா திட்டியதையும் சேர்த்து வாங்கிக்கொண்டான். ஹார்ட் டிஸ்க்கைத் தோர்த்துத் துண்டில் சுற்றி, அதை ஒரு ஜவுளிக்கடை கவரில் போட்டு, மழையில் பஸ் ஏறி வந்தான்.

அந்த வாரம் ஒருநாள் மத்தியானம், அவன் ரசவடை வாங்கக் கடைக்குப் போனான். கால் மணி நேரம்தான். நான் மெட்ரோவில் செத்துக் கிடக்கும்போது சாட்டில் எவனோ காஸ்பியன் பாஸ்வேர்டை எழுதிவிட்டுப் போனான். கையில் கிடைத்தது கரண்ட் ரீடிங் எழுதுகிற அட்டை, அதன் பின்பக்கம் எழுதினேன். அவன் வரும்வரை காத்திருந்திருக்கலாம். காத்திருக்கவில்லை.

உள்ளே போனால் முதலில் சத்தம்தான். தலைக்கு மேல் ஜெட் ஒன்று கிழித்துக்கொண்டு போனது, ஸ்பீக்கர் வைத்திருந்த மேசையில் பேனா உருண்டது. எனக்கும் ஒரு ஜெட் கிடைத்தது. ஏறி பத்து செகண்டில் மலையில் குத்தினேன். இன்னொன்றில் ஏறினேன், அது கொஞ்சம் கூடுதல் நேரம். வாசலில் செருப்புச் சத்தம் கேட்டதும் கேமை மூடிவிட்டேன். ஏன் மூடினேன் என்று இன்றுவரை எனக்கே பதில் கிடையாது. "மெட்ரோ சர்வர் கட்டாயிட்டு" என்றேன்.

சாயங்காலம் நல்ல பிள்ளை மாதிரி, "மக்கா, ஒரு பாஸ்வேர்ட் கிடைச்சிருக்கு, போட்டுப் பார்ப்போமா" என்று அட்டையை எடுத்தேன். அதற்குள் மாற்றிவிட்டார்கள், உள்ளே விடவில்லை. அட்டை அவன் கையில் இருந்தது. பாஸ்வேர்டுக்குக் கீழே '2 ஜெட்' என்று நானே கிறுக்கி வைத்திருந்தேன். அவன் அதைப் பார்த்தான், ரசவடைக் கவரை மடித்து ஓரமாக வைத்தான், அப்புறம் கேட்டான்: "ஜெட்டு எப்படி இருந்து?"

பீட்டா முடிகிற நேரத்தில் அந்த மேப்பை எல்லோருக்கும் திறந்தே விட்டார்கள். கூப்பிட்டேன், பரீட்சை என்றான்.

மார்த்தாண்டம்_மேம்பாலம்:

உங்களுக்கு பாஸ்வேர்டாவது கிடைத்தது. என் கதை வாலரன்ட் என்ற துப்பாக்கிச் சண்டை கேமின் குளோஸ்டு பீட்டா, அனுமதி கிடைத்தவர்களுக்கு மட்டும், 2020 ஏப்ரல் 7-ல் தொடங்கியது. லாக்டவுன் நேரம், பீட்டா கிடைத்த நாடுகளின் பட்டியலிலேயே இந்தியா இல்லை. பெரியம்மா மகன் அயர்லாந்தில் நர்ஸ். ட்விட்ச் தளத்தில் மற்றவர்கள் ஆடுகிற ஸ்ட்ரீமைப் பார்த்தால் பீட்டா அனுமதி விழும் என்பதால், அவன் டியூட்டிக்குப் போகும்போது லேப்டாப்பில் ஸ்ட்ரீமை ஓடவிட்டுப் போவான். விழுந்ததும் அந்த அக்கவுண்டை எனக்குத் தந்துவிட்டான், தனக்கு நேரமில்லை என்று.

பிங், அதாவது சர்வர் போய் வருகிற தாமதம், 200-க்குக் கீழே வந்ததாக நினைவில்லை. நான் ஒருத்தனைப் பார்ப்பதற்குள் அவன் என்னைக் கொன்று, அடுத்தவனையும் கொன்றிருப்பான். பாதியில் ரேங்க் தருகிற காம்பெட்டிட்டிவ் மோட் வந்தது, ஆனால் ரேங்க் இல்லாத 20 அன்ரேட்டட் மேட்ச் முடித்தால்தான் திறக்கும். 13 ரவுண்டு ஜெயித்தால் ஒரு மேட்ச், இழுத்தால் முக்கால் மணி நேரம். அந்த பிங்கில் 20 மேட்ச் என்பது வேளாங்கண்ணிக்கு நடந்து போவது மாதிரி. அம்மச்சி தினமும் கதவைத் தள்ளி எட்டிப் பார்த்து, "இன்னும் சாவலியா" என்று கேட்பார்.

ஒருவழியாக 19 முடித்தேன். 20-ஆவது மேட்ச், 11-11. வீட்டுப் பின்பக்கம் தொம்மென்று ஒரு சத்தம், நெட் அவுட். போய்ப் பார்த்தால், எங்கள் பிலாவிலிருந்து ஒரு சக்கை (பலாப்பழம்), இருபது கிலோ இருக்கும், கேபிள் வயரையும் இழுத்துக்கொண்டு கீழே பிளந்து கிடக்கிறது. மே மாதம், பழுத்த சக்கை, வாசம் வேறு. வயர் கட்ட ஆள் வந்தபோது மே 29. பீட்டா 28-ஆம் தேதியே மூடியாகிவிட்டது.

ஜூன் 2 ரிலீஸுக்கு முன்னால் எப்படியும் பீட்டாவில் எல்லோரும் சேர்த்த முன்னேற்றத்தை அழித்தார்கள், அது தெரியும், யாரும் வந்து சொல்ல வேண்டாம். எனக்கு உறுத்துவது அது இல்லை. அண்ணன் அங்கே கோவிட் வார்டில் நின்றுகொண்டு தினமும் வாட்ஸ்அப்பில் கேட்பான், "ரேங்க் வந்தா?" என்று. ஒருநாள் "சில்வர் 2" என்று அடித்துவிட்டேன். கூட வேலை செய்கிறவர்களிடமெல்லாம் சொல்லியிருக்கிறான், தம்பி இந்தியாவிலிருந்து ஆடியே சில்வர் என்று. போன கிறிஸ்துமஸுக்கு வந்தபோதும் சாப்பாட்டு மேசையில் அதைச் சொன்னான்.

கருங்கல்_சர்வீஸ்:

மேம்பாலம் தம்பி, அடுத்தவர் அக்கவுண்டில் ஆடுவதே விதிமீறல். சில்வர் பொய்யை விடுங்கள், அந்த அக்கவுண்டை முடக்கியிருந்தால் போவது அண்ணன் பேரில்தான். வெட்டூர்ணிமடம் சொன்னதும் எனக்கு உடன்பாடில்லை, சாட்டில் வந்த பாஸ்வேர்டைத் தட்டுவது அன்லாக் ஆகாது. அது திறந்த கதவு.

என் அனுபவம் சின்னது. கவுண்டர் ஸ்ட்ரைக் 2 லிமிடெட் டெஸ்ட், 2023 மார்ச் 22. தேர்ந்தெடுத்த ஆட்களுக்கு மட்டும், அவர்களுக்கும் முதலில் டஸ்ட் 2 மேப் மட்டும். எனக்கு அழைப்பு வரவில்லை. ஒரு வீடியோவுக்குக் கீழே 'எல்லா மேப்பும் எல்லா மோடும் திறக்கும்' என்று ஒரு ஜிப் ஃபைல். ஆன்டிவைரஸை நிறுத்தச் சொன்னது, நிறுத்தினேன். நான் பத்து வருஷமாக சிஸ்டம் சரிசெய்து பிழைக்கிறவன், அதையும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள். கறுப்பு விண்டோ ஒன்று கண் சிமிட்டுகிற நேரம் வந்து போனது. காலையில் பார்த்தால் கேம் பொருட்களை வைத்திருக்கிற இன்வென்டரி துடைத்து விட்ட மாதிரி காலி.

இனி விஷயம் தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். கேம் வைத்திருக்கிற ஸ்டீம் அக்கவுண்டுக்குக் காவலாக மொபைலில் ஸ்டீம் கார்டு இருக்கிறது, நமக்கு ஒன்றும் ஆகாது என்று இருக்காதீர்கள். இந்த மாதிரி ஃபைல் பாஸ்வேர்டை மட்டும் திருடுவதில்லை, ஏற்கெனவே லாகின் ஆகிக் கிடக்கிற டோக்கனையும் தூக்கிக்கொண்டு போகிறது. வீட்டுச் சாவியைத் தேடாமல், திறந்து கிடக்கிற வீட்டுக்குள் நம் சட்டையைப் போட்டுக்கொண்டு நடமாடுவது போல. பட்டுவிட்டால் முதலில் நெட்டைப் பிடுங்குங்கள். வேறொரு சுத்தமான சிஸ்டத்திலிருந்து பாஸ்வேர்டை மாற்றி, எல்லாக் கருவியிலிருந்தும் வெளியேறு என்பதை அழுத்துங்கள். அப்புறம் ஸ்டீமில் ஏபிஐ கீ பக்கம் ஒன்று உண்டு, வெளி புரோகிராம் நம் அக்கவுண்டைத் தொடுவதற்கான சாவி அது, நாம் போடாமலே அங்கே ஒரு கீ இருந்தால் உடனே அழியுங்கள், அது இருக்கும்வரை நம் டிரேடில் எல்லாம் அவன் விரல் இருக்கும். அதன் பிறகு விண்டோஸை ஃபார்மட், அரைகுறை ஸ்கேன் வேண்டாம். மெயில் பாஸ்வேர்டையும் மாற்றுங்கள், அதை எல்லோரும் மறக்கிறார்கள்.

இன்னொன்று. பூட்டிய மேப்பை கேமின் கட்டளைப் பெட்டியான கன்சோலில் திறந்து, கம்ப்யூட்டரே ஆட்டுகிற 'பாட்' வீரர்களோடு சுற்றிப் பார்ப்பவர்கள் 'இன்செக்யூர்' லாஞ்ச் ஆப்ஷன் போட்டுத்தான் தொட வேண்டும். அதைப் போட்டால் வேக், அதாவது ஸ்டீமின் ஏமாற்றுத் தடுப்பு, பாதுகாப்பு உள்ள சர்வருக்குள் நுழைய முடியாது, அதுதான் நல்லதும்கூட. மாற்றிய ஃபைலோடு வேக் சர்வருக்குள் போய் மாட்டினால் அந்தத் தடை ஆயுளுக்கும், கெஞ்சினாலும் எடுக்க மாட்டார்கள். வாலரன்ட்டின் ஏமாற்றுத் தடுப்பான வேங்கார்டு, சிஸ்டம் ஆன் ஆகும்போதே விண்டோஸின் அடிமையமான கெர்னலில் உட்கார்ந்துவிடும், அங்கே இந்த விளையாட்டே வேண்டாம்.

மட்டிப்பழம்:

கருங்கல் அண்ணே, அட்வைஸ் யார் கேட்டா? இன்வென்டரியில் என்ன போச்சுன்னு மட்டும் சொல்லுங்க.

கருங்கல்_சர்வீஸ்:

ஒரு கத்தி. அதைப் பற்றிப் பேச வேண்டாம்.

தூத்தூர்_சுறா:

நான் கேம் பெயரைச் சொல்லவில்லை, மொபைல் துப்பாக்கிச் சண்டை கேம் பீட்டா, எனக்கு அப்போது 16. நான் ஒரு மடையன், பிறந்த வருஷத்தை உள்ளபடியே போட்டுவிட்டேன். டிரெய்னிங் மட்டும் திறந்தது. குழுவாக ஆடுகிற ஸ்குவாட் மோட் திறக்க அப்பாவோ அம்மாவோ நம்பருக்கு ஓடிபி வரும் என்றது. அம்மாவிடம் கேட்டால் ஃபோனே போய்விடும். அப்பா நம்பரைப் போட்டேன். அப்பா தங்கல் போட்டில், ஆழ்கடலில். எங்கள் ஊரில் சிலருக்கு அப்பாவை மாதத்துக்கு ஒருமுறைதான் பார்க்கக் கிடைக்கும்.

எப்படியும் வெள்ளிக்கிழமை கொச்சியில் கரை பிடிப்பார்கள் என்று வயர்லெஸ்ஸில் தகவல் வந்திருந்தது. வியாழன் ராத்திரி எனக்குப் பொறுமை இல்லை. கூட இருந்த பயல்கள் எல்லாம் ஏற்கெனவே உள்ளே. 'மறுபடி அனுப்பு' என்பதை அழுத்தினேன், ஐந்து நிமிஷம் கழித்து மறுபடி, மறுபடி. சிக்னல் இல்லாத ஃபோனுக்கு ஓடிபி போய் என்ன ஆகும் என்று யோசிக்கிற மூளை அந்த வயதில் இல்லை. கரையில் சிக்னல் வரும்போது மொத்தமாக விழும், அவரே கூப்பிட்டு நம்பரைச் சொல்லுவார் என்று ஒரு நினைப்பு.

மொத்தமாகத்தான் விழுந்தது. போட் தோப்பும்படிப் பக்கம் வரும்போது அப்பா ஃபோன் விடாமல் கதறியிருக்கிறது, 14 மெசேஜ், எல்லாவற்றிலும் ஆறு இலக்க நம்பர், யாரிடமும் சொல்லாதே என்று. யாரோ பேங்க் பணத்தை உருவுகிறான் என்று நினைத்துவிட்டார். மீன் ஏலம் நடந்துகொண்டிருக்கிறது, அதைக் கூட்டாளியிடம் விட்டுவிட்டு, ஆட்டோ பிடித்து பேங்க்குக்கு ஓடி, ஏடிஎம் கார்டை முடக்கிவிட்டார். கையில் காசில்லை. பஸ்ஸுக்குக் கடன் வாங்கி ஊருக்கு வந்தார்.

ராத்திரி 11 மணி இருக்கும். பையை வைத்தார், சட்டையைக்கூட மாற்றவில்லை, ஃபோனை என்னிடம் நீட்டி ஒவ்வொரு மெசேஜாகத் தள்ளிக் காட்டுகிறார். விரல் நகத்தில் எல்லாம் கிரீஸ். "பாத்தியா, கள்ளன் எத்தனை தடவ முயற்சி பண்ணியிருக்கான். நான் முந்திட்டேன் மக்கா" என்றார். அவ்வளவு சந்தோஷம் முகத்தில். மெசேஜின் ஆரம்பத்திலேயே கேம் பெயர் இருக்கிறது, அவருக்கு இங்கிலீஷ் வாசிக்கத் தெரியாது. நான் "ஆமா" என்றேன்.

மூன்று வருஷம் கழித்தும் கடற்கரையில் உட்கார்ந்து மற்றவர்களுக்கு அதைச் சொல்லுவார். ஓடிபி வந்தா யாருக்கும் குடுக்காதேயும், எங்கிட்ட 14 தடவ கேட்டான், நான் குடுக்கலியே என்று.

கருங்கல்_சர்வீஸ்:

தம்பி, அப்பா செய்தது நூற்றுக்கு நூறு சரி. சந்தேகம் வந்த உடனே கார்டை முடக்குவதுதான் முறை. இப்போது சைபர் மோசடிக்கு 1930 என்று ஒரு நம்பர் இருக்கிறது, எல்லோரும் ஃபோனில் பதிந்துகொள்ளுங்கள், பணம் போன முதல் மணி நேரத்திலேயே அழைத்தால்

மட்டிப்பழம்:

அண்ணே.

மார்த்தாண்டம்_மேம்பாலம்:

கருங்கல் அண்ணனுக்கு ஒரு பதில் பாக்கி இருக்கிறது. விதிமீறல் என்றால் விதிமீறல்தான், ஒப்புக்கொள்கிறேன். ஆனால் பட்டியலில் ஊரே இல்லாதவன் எந்த வரிசையில் போய் நிற்பது? ஆன்டிவைரஸை நிறுத்தியவர் எனக்கு ஒழுங்கு சொல்கிறார்.

சுறா, நீ அப்பாவிடம் சொல்லாதே. அது அவருடைய கதை ஆகிவிட்டது.

தூத்தூர்_சுறா:

சொல்லவில்லை. ஸ்குவாட் மோடும் திறக்கவில்லை. ராத்திரி 11 மணிக்கு அந்த 14 நம்பரையும் பார்த்தேன், எல்லாம் காலாவதி.

வெட்டூர்ணிமடம்_64, தக்கலைக்காரர் இப்போது எங்கே? பேச்சு உண்டா?

வெட்டூர்ணிமடம்_64:

உண்டு. துபாயில் இருக்கிறான். போன மாதம் மகனுக்கு கேமிங் சிஸ்டம் வாங்க வேண்டும், ஒரு லிஸ்ட் போட்டுத் தா என்றான். கிராபிக்ஸ் கார்டு, ரேம், எஸ்எஸ்டி எல்லாம் போட்டு அனுப்பினேன். ஒரு மணி நேரம் கழித்து பதில் வந்தது, "இதுல ஜெட்டு ஓடுமா?"

ஓடும் என்று போட்டேன். இரண்டு டிக் நீலமாகிவிட்டது, அதற்கு மேல் அவன் ஒன்றும் எழுதவில்லை.