மறு: 'விண்டோ மேனேஜர்': சாளர மேலாளரா, சாளர இருத்தியா?

வணக்கம்.

மொழிபெயர்ப்புக் கோப்பை வெள்ளிக்கிழமை பூட்டிவிடுவார்கள். 'விண்டோ மேனேஜர்', அதாவது திரையில் சாளரங்களின் இடத்தையும் அளவையும் கவனிக்கும் நிரல், அதற்கான தமிழ்ச் சொல் மட்டும் இன்னும் தொங்கலில் நிற்கிறது. இந்த விவாத இழையில் வந்த எல்லாவற்றுக்கும் அல்ல, முடிவைப் பாதிக்கிறவற்றுக்கு மட்டும் எழுதுகிறேன்.

> சாளரம் வடமொழி வழி வந்தது. காலதர் என்பதே நம் சொல். கால் = காற்று, அதர் = வழி.

ஐயா, சிலப்பதிகாரத்து 'மான்கண் காலதர் மாளிகை' எனக்கும் மிகப் பிடித்த தொடர். 'விண்டோ' என்ற ஆங்கிலச் சொல்லின் மூலமான பழைய நார்ஸ் சொல்லுக்கும் 'காற்றின் கண்' என்றுதான் பொருள். அதில் காற்றும் கண்ணும் சேர்ந்தே இருக்கின்றன. நம்மிடம் காலதர் காற்றை எடுத்துக்கொண்டது, பலகணி கண்ணை எடுத்துக்கொண்டது. இதைப் பற்றித் தனி இழையில் எவ்வளவு வேண்டுமானாலும் பேசலாம். ஆனால் 'காலதரை மூடு' என்ற கட்டளையைப் பார்ப்பவர் எதை மூடுவது என்று திகைத்து நிற்பார். சாளரம் ஏற்கெனவே மென்பொருள்களில் ஊன்றிவிட்டது. சன்னலே போதும் என்ற தம்பிக்கும் இதுதான் பதில். அது போர்த்துக்கீசியத்திலிருந்து வந்தது என்பதற்காக அதை ஒதுக்கவில்லை. இடம் முன்பே நிரம்பிவிட்டது.

> மேலாளர் எல்லோருக்கும் புரியும். ஏன் இழுக்கிறீர்கள்?

புரியும், சரி. எதைப் புரிந்துகொள்வார்கள் என்பதுதான் என் கவலை. 1984இல் எம்ஐடியில் தொடங்கிய எக்ஸ் சாளர முறைமையை எடுத்துக்கொள்ளுங்கள்; யுனிக்ஸ், லினக்ஸ் கணினிகளில் சாளரங்களைத் திரைக்குக் கொண்டுவரும் அடித்தளம் அது. வழிமுறையைத் தருவது, கொள்கையைத் திணிக்காதிருப்பது என்பது அதன் அடிப்படை. அதன் மைய நிரலான எக்ஸ் சர்வர் திரையில் வரைய வழி தரும், விசைப்பலகை, சுட்டி நிகழ்வுகளை உரிய நிரலிடம் சேர்க்கும். சாளரம் எங்கே இருக்க வேண்டும், தலைப்புப் பட்டை எப்படி இருக்க வேண்டும் என்று அது சொல்லாது. அந்தப் பொறுப்பு வேறொரு நிரலிடம் இருக்கிறது; அதுதான் விண்டோ மேனேஜர். அந்த நிரலும் உரைத்தொகுப்பியைப் போல, உலாவியைப் போல, சர்வருக்கு ஒரு கிளையண்ட்தான், அதாவது சர்வரிடம் சேவை கேட்கும் நிரல்தான். ஒரே ஒரு தனியுரிமை மட்டும் அதற்கு உண்டு: மற்ற நிரல்கள் தம் மேல்நிலைச் சாளரத்தைத் திரையில் காட்டவோ நகர்த்தவோ அளவு மாற்றவோ கேட்டால், அந்தக் கோரிக்கை முதலில் இதனிடம் திருப்பிவிடப்படும். ஒரு நேரத்தில் ஒரு கிளையண்டுக்குத்தான் அந்த உரிமை. இரண்டாவதாக ஒன்று கேட்டால் பிழைதான் கிடைக்கும். இதை நிறுத்திவிட்டாலும் சாளரங்கள் திறக்கும், விளிம்பும் பட்டையும் இல்லாமல்.

ஆக இதன் வேலை ஆளுவதல்ல, இருத்துவது. 'மேலாளர்' அதிகாரத்தைச் சொல்கிறது, வேலையைச் சொல்லவில்லை.

இலக்கணச் சிக்கலும் உண்டு. 'சாளர மேலாளர் நின்றுவிட்டது' என்றால் திணை வழு. 'நின்றுவிட்டார்' என்றால் மென்பொருளுக்கு மரியாதைப் பன்மை. ஒரே கோப்பில் இரண்டு வகையும் கலந்து கிடக்கின்றன. 'மேலாளி' என்று மாற்றினால் தீரும் என்கிறார் நம் ஆசிரியர் அம்மா. தொழிலாளி, முதலாளி, நோயாளி, விருந்தாளி என எல்லாரும் மனிதர்கள்தானே அம்மா! 'ஆள்' உள்ளே இருக்கும்வரை திணை நம்மை விடாது.

'அமைப்பி'யை நானும் யோசித்தேன். அதே பட்டியலில் 'அமைப்புகள்' (செட்டிங்ஸ்) இருப்பதால் குழப்பும். 'ஒழுங்கி' ஒலிக்க நன்றாக இருக்கிறது. ஆனால் ஒழுங்கு பெயர்ச்சொல். நாற்காலி, பலகணி போலப் பெயரோடு இகரம் சேரும்போது உடைமைப் பொருள்தான் வருகிறது. ஒழுங்கை உடையது என்றாகும், ஒழுங்குபடுத்துவது என்றாகாது. 'இருத்து' பிறவினை. இயக்கு–இயக்கி போல இருத்து–இருத்தி. 'மனத்தில் இருத்தி' என்ற வினையெச்சத்தோடு மோதும் என்றார் ஒருவர். இயக்கியும் அப்படித்தான் மோதுகிறது, யாரும் தடுமாறவில்லை.

அப்புறம் 'டைலிங்'. தரை பாவுவதுபோல் சாளரங்களை ஒன்றன்மேல் ஒன்று ஏறாமல் பரப்புவது. இது புது நாகரிகமல்ல. 1985இல் வந்த விண்டோஸ் 1.0 இப்படித்தான் பரப்பியது, சாளரங்கள் ஒன்றையொன்று மறைக்கத் தொடங்கியது 1987இன் 2.0இல். 'பாவு' மிகப் பொருத்தமான வினை, ஆனால் இகரம் சேர்த்தால் 'பாவி' ஆகிவிடும். எனவே பரப்புவதைப் 'பாவும் முறை' என்றும், ஒன்றன்மேல் ஒன்று வைப்பதை 'அடுக்கும் முறை' என்றும் பெயரெச்சமாகவே வைத்துக்கொள்வோம்.

'காம்போசிட்டர்' பற்றி ஒரு வார்த்தை. எக்ஸுக்கு மாற்றாக 2008இல் தொடங்கிய வேலாண்டில் திரைச் சர்வர், சாளரம் இருத்தும் பகுதி, சாளரப் படங்களைக் கலந்து ஒரே காட்சியாக்கும் பகுதி மூன்றும் பொதுவாக ஒரே நிரலில் அடங்கிவிடுகின்றன. அந்த நிரலைத்தான் காம்போசிட்டர் என்கிறார்கள். அதற்குத் 'தொகுப்பி' வேண்டாம். மூலநிரலை இயந்திர மொழிக்கு மாற்றும் கம்பைலருக்குப் பலர் அதைத்தான் எழுதுகிறார்கள். 'காட்சியிணைப்பி' என் முன்மொழிவு. இதற்கு அவசரமில்லை, இந்த வெளியீட்டில் அந்தச் சொல் வரவில்லை.

எண்ணிப் பார்த்தால் பெரும்பாலோர் 'சாளர மேலாளர்' பக்கம்தான் சாய்ந்திருக்கிறார்கள், பலர் களைப்பில். வெள்ளிக்கிழமைக் கோப்பில் அதுவே போகட்டும், நான் தடுக்கவில்லை. என் மறுப்பைக் கலைச்சொல் பட்டியலின் குறிப்புப் பகுதியில் 'சாளர இருத்தி'யோடு சேர்த்துப் பதியுங்கள். கோப்பை வைத்திருப்பவர், பூட்டுவதற்கு முன் பிழைச்செய்திகளில் வினைமுற்றுகளை ஒருமுறை பாருங்கள்: 'மேலாளர் நிரல் நின்றுவிட்டது' என்று 'நிரல்' சேர்த்தால் திணையாவது தப்பிக்கும்.

அன்புடன்.